குடல் எடுத்த மீன் துள்ளுகிறது: நம் திரைவட்டத்தாருக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள அண்ணாமாருக்கும் அக்காமாருக்கும்,

வணக்கம்.

போன மாதக் கூட்டத்தில் நான் சொன்ன யோசனை நாலு நிமிடத்தில் முடிந்துபோனது. இலையுதிர்காலத் திரையிடலுக்கு ஜெஃப் பார்னபி என்ற பூர்வகுடி இயக்குநரின் இரண்டு படங்களையும் போடலாம் என்றேன். ஒருவர் "ஆரது?" என்றார். நான் வாய் திறப்பதற்குள் இன்னொருவர் போனில் தேடிவிட்டு, "ஸொம்பிப் படம் தங்கச்சி. பிள்ளையளோட வாற சனத்துக்கு இதைப் போட்டுக் காட்டேலுமே?" என்றார். மூன்றாவதாகப் பேசியவர் எப்போதும் சமாதானம் செய்பவர். "பூர்வகுடியளின்ரை படம்தான் வேணுமெண்டால் நல்ல டொக்குமென்ரரி ஒண்டை எடுத்து யூன் மாதத்தில போடுவம்" என்றார். அதற்குள் ரோல்ஸ் வந்துவிட்டது. கூட்டக் குறிப்பில் "பரிசீலிக்கப்பட்டது" என்று பதிந்திருக்கிறது.

எனக்குப் புத்தி வருவது எப்போதும் வீட்டுக்குத் திரும்பும் பஸ்ஸில்தான். அன்று சொல்லியிருக்க வேண்டியதை இப்போது எழுதுகிறேன். உங்களைச் சந்தியில் நிறுத்துவதற்காக இதைத் திறந்த மடலாக எழுதவில்லை. நம் திரையிடலுக்கு வருகிற சனமும் படிக்கட்டும். வேண்டாம் என்றால் அவர்களே வேண்டாம் என்று சொல்லட்டும். அவர்களைக் கேட்காமல் அவர்கள் பெயரில் நாம் முடிவெடுத்ததுதான் எனக்குப் பொறுக்கவில்லை.

"ஆரது?" என்ற கேள்வியில் தொடங்குகிறேன்.

கியூபெக் மாகாணத்தின் காஸ்பே தீபகற்பத்தில், ரெஸ்டிகூஷ் ஆற்றங்கரையில் லிஸ்டுகுஜ் என்றொரு ஊர், மிக்மாக் என்ற பூர்வகுடி இனத்தின் ஊர். ஆற்றுக்கு அந்தப் பக்கம் நியூபிரன்ஸ்விக் மாகாணத்துக் கம்பெல்டன் நகரம். நடுவில் ஒரு நீளமான பாலம். 1976இல் பிறந்த பார்னபிக்கு அந்த ஊர்தான் சொந்த ஊர். அந்த ஆற்றில் சல்மன் ஏறும். மிக்மாக் சனம் அதைப் பிடித்துச் சாப்பிட்டார்கள், விற்றார்கள். வெள்ளைக்காரர் வருவதற்கு எத்தனையோ நூற்றாண்டுகளுக்கு முன்பிருந்தே பிடித்துக்கொண்டிருந்தார்கள். 1981இல் கியூபெக் அரசு அந்த மீன்பிடியைக் கட்டுப்படுத்த வெளிக்கிட்டது. யூன் 11ஆம் திகதி நூற்றுக்கணக்கான மாகாணப் பொலிஸார் ஊருக்குள் இறங்கினார்கள். ஹெலிகொப்டர், படகு, தடி, கவசத் தொப்பி எல்லாவற்றோடும். வலைகளைப் பறித்தார்கள், ஆட்களை அடித்தார்கள், பிடித்துக்கொண்டு போனார்கள். யூன் 20ஆம் திகதி திரும்பவும் வந்தார்கள். பார்னபிக்கு அப்போது நாலைந்து வயது.

(அதற்கு முந்திய வருடம், 1980 மேயில்தான், கியூபெக் தன்னுடைய இறைமைக்கு வாக்கெடுப்பு நடத்தி முடித்திருந்தது. தனக்கென்று இறைமை கேட்கிற ஒரு இனம் பக்கத்து வீட்டுக்காரனின் வலையை அறுக்கப் பொலிஸை அனுப்புகிறது. நமக்கு இதை யாரும் விளங்கப்படுத்தத் தேவையில்லை.)

இந்தச் சம்பவத்தை அபெனாகிப் பூர்வகுடி இனத்தைச் சேர்ந்த அலனிஸ் ஒபொம்சவின் தேசியத் திரைப்பட வாரியத்துக்காக ஆவணப்படமாக எடுத்தார். 'இன்சிடென்ட் அட் ரெஸ்டிகூஷ்' என்ற அந்தப் படம் 1984இல் வந்தது. பூர்வகுடிகளைப் பேட்டி எடுங்கள், வெள்ளைக்காரரை எடுக்க வேண்டாம் என்று வாரியத்தில் தனக்குச் சொல்லப்பட்டதாக அவரே பின்னர் பேசியிருக்கிறார். அவர் கேட்கவில்லை. பொலிஸை அனுப்பிய அமைச்சர் லூசியன் லெஸாரைக் கமராவுக்கு முன் இருத்தி, கோபத்தை ஒளிக்காமல் கேள்வி கேட்டார். வாரியத்தின் இணையத்தளத்தில் படம் இலவசமாகவே கிடக்கிறது, பாருங்கள். அமைச்சரின் முகத்தை வடிவாகப் பாருங்கள்.

பார்னபி சிறுவயதில் அந்தப் படத்தைப் பார்த்தார். தன்னைச் சினிமாவுக்குத் திருப்பியது அதுதான் என்று பலமுறை சொன்னார். சமாதானம் செய்த அண்ணைக்கு ஒரு சொல்: நீங்கள் கேட்கிற ஆவணப்படம் 1984இலேயே எடுத்தாகிவிட்டது. அதைப் பார்த்து வளர்ந்த பிள்ளை அடுத்து என்ன செய்தான் என்பதுதான் நான் காட்டச் சொன்னது.

2019 செப்ரெம்பரில் ரொறன்ரோ திரைப்பட விழாவின் 'மிட்நைட் மேட்னஸ்' பிரிவு பார்னபியின் 'பிளட் குவாண்டம்' படத்தோடு தொடங்கியது. கதை நடக்கும் வருடம் 1981. இடம் ரெட் குரோ என்ற கற்பனையான மிக்மாக் ஒதுக்கிடம், அதாவது பூர்வகுடிகளுக்கென்று அரசு ஒதுக்கிய நிலம். ஆறு, பாலம், சல்மன் எல்லாம் அதேதான். லிஸ்டுகுஜிலும் மொன்றியலுக்குப் பக்கத்து கானவாகேயிலும் படம்பிடித்தார்கள்.

முதற்காட்சி. கிசிகு என்ற முதியவர் பிடித்து வந்த சல்மனை அறுக்கிறார். கத்தி வயிற்றில் இறங்குகிறது, குடல் வெளியே வருகிறது, மீனைப் பக்கத்தில் போடுகிறார். அடுத்த மீன். பிறகு ஒரு சத்தம். திரும்பிப் பார்த்தால் குடல் எடுத்த மீன் துள்ளுகிறது. ஒன்றல்ல, அறுத்துப்போட்ட எல்லாம்.

இந்தக் காட்சியை நான் அம்மாவோடு பார்த்தேன். அம்மா பருத்தித்துறைக் கரையில் பிறந்தவ. பேய்ப்படமென்றால் எழும்பிப் போய்விடுவா. அன்று கையில் அரிவாளும் மடியில் சுளகுமாக முருங்கையிலை உருவிக்கொண்டிருந்தவ, அப்படியே நிறுத்திவிட்டா. "கிழவன் ஏன் கத்தேல்லை?" என்றா. உண்மைதான், அந்த மனிதர் கூச்சல் போடவில்லை, நின்று பார்க்கிறார். கொஞ்ச நேரம் கழித்து அம்மாவே சொன்னா: "கடல் பிழைச்சுப்போச்சு எண்டால் கரைக்காரனுக்குத்தான் முதல் தெரியும்." அதன் பிறகு படம் முடியும்வரை இருந்தா. தலை வெட்டும் இடங்களில் சுளகால் முகத்தை மறைத்துக்கொண்டா, ஆனால் இருந்தா. படம் முடிந்த பிறகு அவ பேசியது ஸொம்பியைப் பற்றியல்ல. போர்க்காலத்தில் இத்தனை மணிக்குப் பிறகு கடலில் இறங்கக்கூடாது, இத்தனை தூரத்துக்கு மேல் போகக்கூடாது என்று கரையில் சட்டம் போட்ட நாட்களைப் பற்றி. வலை காய்ந்து கிடந்த முற்றத்தைப் பற்றி.

பிள்ளைகளோடு வருகிற சனத்துக்கு விளங்காது என்று சொன்னீர்களே. எழுபத்தாறு வயது மனுசிக்கு இரண்டு நிமிடத்தில் விளங்கியது.

இனி ஸொம்பிக்கு வருவோம். இந்தப் படத்தில் செத்தவர்கள் எழும்பிக் கடிக்கிறார்கள். வெள்ளைக்காரர் கடிபட்டால் அவர்களும் மாறிவிடுகிறார்கள். மிக்மாக் சனம் கடிபட்டால் மாறுவதில்லை. ஏன் என்று படம் விளக்கம் சொல்லி நேரத்தை வீணாக்குவதில்லை. ஆறு மாதம் கழித்துப் பார்த்தால், ஒதுக்கிடத்தைச் சுற்றி மதில். உள்ளே பூர்வகுடிகள். வெளியே தப்பி வந்த வெள்ளைக்காரர் கதவைத் தட்டுகிறார்கள். இவர்களை உள்ளே விடுவதா? பொலிஸ் தலைவர் டிரெய்லர் விடலாம் என்கிறார். அவருடைய மகன்களில் ஒருவனான லைசொல் ஒருவரையும் விடக்கூடாது என்கிறான். படத்தின் சண்டை அதுதான். ஸொம்பிகள் சும்மா பக்கவாத்தியம்.

படத்தின் பெயருக்கும் இதில் பங்கிருக்கிறது. 'பிளட் குவாண்டம்' என்பது ஒருவர் உடம்பில் எத்தனை பங்கு பூர்வகுடி இரத்தம் ஓடுகிறது என்று அளக்கும் கணக்கு. கனடாவில், பூர்வகுடிகளை 'இந்தியர்' என்று அழைக்கும் இந்தியச் சட்டம் (Indian Act) அதைத் தன் வழியில் செய்தது. 1985இல் கொண்டுவந்த திருத்தத்தின்படி, தொடர்ந்து இரண்டு தலைமுறை, பூர்வகுடி என்று அரசு பதிந்து கொடுக்கும் அந்தஸ்து இல்லாதவரோடு பிள்ளை பெற்றால், பேரப்பிள்ளைக்கு அந்தஸ்து கிடையாது. பேரப்பிள்ளை மிக்மாக் பேசலாம், ஆற்றில் மீன் பிடிக்கலாம், பாட்டியின் மடியில் வளரலாம். பதிவேட்டில் ஆள் இல்லை. இப்படி ஒரு இனத்தை வெடி வைக்காமல், காகிதத்திலேயே கரைத்துவிடலாம். பார்னபி என்ன செய்தார் என்றால், அரசு குறைத்துக்கொண்டே வந்த அந்த இரத்தத்தை உயிர்காக்கும் மருந்தாக்கினார். டிரெய்லரின் இளைய மகன் ஜோசப்பின் காதலி சார்லி வெள்ளைக்காரப் பெண், கர்ப்பிணி. வயிற்றில் இருக்கும் பிள்ளைக்கு அந்தக் காப்பு இருக்குமா? அரைவாசி இரத்தம் காணுமா? அந்தப் பிள்ளைக்காக நெஞ்சு பதைக்கும்போதுதான், ஒரு அரச அலுவலகத்துக் கணக்கை நாமும் கணக்குப் பார்க்கத் தொடங்கிவிட்டோம் என்று உறைக்கும். இதை எந்த ஆவணப்படத்தால் செய்ய முடியும்? செய்தி வாசிப்பவர் சட்டப்பிரிவைச் சொல்வார், நாம் தலையாட்டுவோம்.

ஆவணப்படத்தை நான் குறை சொல்லவில்லை, ஒபொம்சவினைக் கையெடுத்துக் கும்பிடுகிறவள் நான். ஆனால் நாம் ஆவணப்படம் கேட்கும் விதத்தில் ஒரு வசதி இருக்கிறது. அங்கே பூர்வகுடி ஆள் சாட்சி. அழுவார், நாமும் கண் கலங்குவோம், வெளியே வந்து தேத்தண்ணி குடிப்போம். பயம் நம்மிடம் வராது. பார்னபியின் படத்தில் கதவுக்கு வெளியே நிற்கிறவன் யார் என்று பாருங்கள். நானும் நீங்களும்தான்.

இதைச் சும்மா அலங்காரத்துக்குச் சொல்லவில்லை. 1986 ஓகஸ்டில் இரண்டு உயிர்காப்புப் படகுகளில் 155 தமிழர் நியூஃபவுண்ட்லாந்துக் கடலில் மிதந்ததும், மீனவர்கள் தூக்கி ஏற்றியதும் நம் எல்லோருக்கும் மனப்பாடம். வருடா வருடம் கொண்டாடுகிறோம். அந்தத் தீவுக்கு மிக்மாக் மொழியில் க்தாக்ம்குக் என்று பெயர். தெற்குக் கரையில் கொன் ரிவர் என்ற இடத்தில் இன்றும் மிக்மாக் ஊர் இருக்கிறது. இந்த நாட்டில் நாம் முதலில் வந்து மோதிய கரை, பார்னபியின் இனம் தன் நாடு என்று சொல்லும் நிலத்தின் கரை. நாற்பது வருடமாக இந்தக் கதையைச் சொல்லி வருகிறோம், அந்தப் பெயரை ஒரு மேடையிலும் நான் கேட்டதில்லை.

பிறகு 2010 ஓகஸ்ட். சன் ஸீ கப்பலில் 492 பேர் பிரிட்டிஷ் கொலம்பியாவுக்கு வந்தார்கள். பெண்கள், பிள்ளைகள் உட்பட எல்லோரையும் தடுப்பில் போட்டார்கள், பலருக்கு மாதக்கணக்கில். "உள்ளே விடாதே, யார் இவர்கள், எதைக் கொண்டு வருகிறார்கள்?" என்று வானொலியில் சனம் கத்தியது என் காதில் இன்னும் இருக்கிறது. கத்தியவர்களும் ஒரு காலத்தில் கப்பலில் வந்தவர்களின் பேரப்பிள்ளைகள். 'பிளட் குவாண்டம்' அந்தக் கதவின் உண்மையான சொந்தக்காரன் கையில் சாவியைக் கொடுத்துவிட்டு, இப்போது நீ என்ன செய்வாய் என்று அவனிடம் கேட்கிறது. அவனும் ஒரே பதில் சொல்வதில்லை, குடும்பத்துக்குள்ளேயே வெட்டுப்படுகிறார்கள். கதவுக்கு வெளியே நின்று பழகிய நமக்கு இதைவிடப் பொருத்தமான படம் இந்த நாட்டில் எடுக்கப்படவில்லை என்பது என் எண்ணம். பிழையென்றால் படத்தைப் பார்த்துவிட்டுச் சொல்லுங்கள்.

2020 வசந்தத்தில் திரையரங்குக்கு வரவேண்டிய படம் இது. கொரோனா வந்து அரங்குகளை மூடியது. ஏப்ரல் 28ஆம் திகதி ஷடர் போன்ற இணையத் திரைகளில் வெளியானது. ஒரு தொற்று, மூடிய எல்லைகள், உள்ளே வராதே என்ற கதையை நாம் வீட்டுக்குள் அடைபட்டிருந்து பார்த்தோம். அதே மாதங்களில் பல பூர்வகுடி ஊர்கள் நிசமாகவே தங்கள் நுழைவாயில்களில் மறிப்புப் போட்டு வெளியாரைத் திருப்பி அனுப்பிக்கொண்டிருந்தன. பெரியம்மையில் எத்தனை சனம் அழிந்தது என்று பாட்டிமார் சொல்லக் கேட்டவர்கள் அவர்கள்.

'ரைம்ஸ் ஃபார் யங் கூல்ஸ்' பற்றி அன்று பேசவே நேரம் கிடைக்கவில்லை. எனக்கு இரண்டில் பிடித்தது அதுதான். 2013இல் வந்தது, அவருடைய முதல் முழுநீளப் படம். வன்கூவர் விழாவில் கனடியப் படங்களுக்கான சிறந்த இயக்குநர் விருது கிடைத்தது. கதை நடப்பது 1976இல், அதே கற்பனை ஒதுக்கிடத்தில். அய்லா என்ற பதினைந்து வயதுப் பெண் கஞ்சா விற்கிறாள். எதற்காக? பொப்பர் என்ற அரச முகவருக்கு மாதா மாதம் கப்பம் கட்ட. கட்டாவிட்டால் பிடித்துக்கொண்டுபோய், பூர்வகுடிப் பிள்ளைகளைக் குடும்பத்திலிருந்து பிரித்து வைக்கிற வதிவிடப் பள்ளிக்கூடத்தில் அடைப்பான். பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்புவது கட்டாயம் என்ற சட்ட வாசகத்தோடுதான் படமே தொடங்கும். கப்பம் கட்டிப் பிள்ளையைக் காப்பாற்றுவது என்பது நம்மில் யாருக்காவது புதுக் கதையா?

வதிவிடப் பள்ளிகளைப் பற்றி இன்று எல்லோருக்கும் தெரியும். ஒன்றரை இலட்சத்துக்கும் மேற்பட்ட பிள்ளைகள் அவற்றுக்குள் கொண்டுபோகப்பட்டார்கள். உண்மைக்கும் நல்லிணக்கத்துக்குமான ஆணைக்குழு தன் இறுதி அறிக்கையை 2015இல் தந்தது. கம்லூப்ஸ் வதிவிடப் பள்ளி வளவில் பிள்ளைகளின் புதைகுழிகள் இருப்பதாகச் செய்தி வந்து, அந்தப் பிள்ளைகளின் நினைவாக ஊரெல்லாம் செம்மஞ்சள் சட்டை போட்டது 2021இல். பார்னபியின் படம் இரண்டுக்கும் முந்தியது. அவர் அந்தப் பிள்ளைகளை நினைவுத்தூணாக நிறுத்தவில்லை. அய்லா கோபக்காரி, கெட்டிக்காரி, படம் வரைகிறவள், கதை சொல்கிறவள். செத்துப்போன தாய் அவளுக்கு முன் பேயாக வந்து நிற்கிறாள். அவளும் கூட்டாளிகளும் முகமூடி போட்டுக்கொண்டு அந்தப் பள்ளிக்குள் திருடப் போகிறார்கள். பழிவாங்கும் படம், திருட்டுப் படம், பேய்ப்படம் எல்லாம் ஒன்றாகக் கலந்த சாமான். பொப்பருக்கு நடப்பதைப் பார்த்து என் மகள் எழுந்து நின்று கைதட்டினாள். அவளுடைய பள்ளியில் செப்ரெம்பர் கடைசியில் செம்மஞ்சள் சட்டை போட்டுக்கொண்டு தலை குனிந்து நிற்பார்கள். கைதட்டக் கிடைத்தது அன்றைக்குத்தான்.

அய்லாவாக நடித்த டெவரி ஜேக்கப்ஸ் கானவாகேயைச் சேர்ந்த மொஹாக் பெண். அந்தப் படத்துக்குப் பிறகுதான் பெரிய திரை அவரைக் கண்டது.

குறும்படங்களைப் பற்றி நீட்டவில்லை. மொன்றியலில் கொன்கோர்டியா பல்கலைக்கழகத்தில் படித்துவிட்டு 2004இலிருந்து எடுக்கத் தொடங்கினார். 2010இல் வந்த 'ஃபைல் அண்டர் மிசலேனியஸ்' ஒன்றை மட்டும் சொல்கிறேன். ஒரு மிக்மாக் ஆள் வெள்ளைத் தோலுக்கு மாறுவதற்காக அறுவைச் சிகிச்சை மேசையில் போய்ப் படுக்கிறான். எதிர்கால நகரம், அறிவியல் புனைகதை, பின்னணியில் மிக்மாக் மொழி. சில நிமிடப் படம்தான். பார்த்த பிறகு 'ஃபெயர் அன்ட் லவ்லி' விளம்பரம் பார்த்து வளர்ந்த எனக்கு அன்றிரவு நித்திரை வரவில்லை. எழுத்தும் இயக்கமும் மட்டுமல்ல, தன் படங்களின் படத்தொகுப்பையும் அவரே செய்தார், இசையிலும் கைவைத்தார். தையற்கடையில் அளவெடுப்பது முதல் பொத்தான் கட்டுவது வரை ஒரே ஆள் செய்கிற மாதிரி.

குறைகளும் உண்டு, மறைக்கவில்லை. 'பிளட் குவாண்டம்' பிற்பாதியில் லைசொலின் கோபம் எங்கிருந்து வருகிறது என்பதைப் படம் அவசரமாகத் தாண்டிப்போகிறது. அவனை வில்லனாக்கிவிட்டால் கதை சுலபம் என்று நினைத்துவிட்டாரோ என்று தோன்றும். பெண்களுக்கு 'ரைம்ஸ்' கொடுத்த இடத்தை இது கொடுக்கவில்லை. இரத்தமும் கொஞ்சம் கூடத்தான், அம்மாவின் சுளகு சாட்சி. இதையெல்லாம் படம் முடிந்த பிறகு நாம் அரங்கில் வைத்துப் பேசலாம். படத்தைப் போடாமல் விடுவதற்கு இது காரணமாகாது. இதைவிட ஓட்டைப் படங்களை நாம் கைதட்டிப் போட்டிருக்கிறோம், பெயர் சொல்லட்டுமா?

இன்னொன்று. 2020 கடைசியில், கொழும்புத் தமிழ்ப் பையன் ஒருவனின் கதையான 'ஃபனி போய்' படம் வந்தபோது நம் ஆட்கள் எவ்வளவு கொதித்தார்கள் என்று நினைவிருக்கும். முக்கிய பாத்திரங்களில் தமிழர் இல்லை, தமிழைக் கடித்துக் குதறிவிட்டார்கள், எங்கள் கதையை எங்கள் வாயால் சொல்ல விடுங்கள் என்று எழுதினோம். திரைவட்டத்தின் பெயரிலும் ஒரு அறிக்கை போனது, அதை மொழிபெயர்த்தது நான். நியாயமான கோபம். அடுத்த மே மாதம் கனடியத் திரை விருதுகள் வந்தன. சிறந்த இயக்குநர் விருது அந்தப் படத்துக்காக தீபா மேத்தாவுக்குப் போனது. அதைப் பற்றி நாம் ஒரு வாரம் கதைத்தோம். அதே விழாவில் சிறந்த படம் 'பீன்ஸ்', மொஹாக் இயக்குநர் ட்ரேஸி டியர் 1990இல் மொஹாக் நிலத்துக்காக நடந்த ஓக்கா நெருக்கடியைப் பற்றி எடுத்தது. சிறந்த நடிகர் 'பிளட் குவாண்டம்' படத்தின் மைக்கேல் கிரேஐஸ். தன் கதையைத் தன் மொழியில், தன் ஆட்களை வைத்து, தான் விரும்பிய வகையில் எடுக்க வேண்டும் என்று நாம் எதைக் கேட்டோமோ, அதை ஒருவர் செய்துகாட்டியிருந்தார். அவர் பெயர் நமக்குத் தெரியவில்லை. போன மாதமும் தெரியவில்லை.

2022 ஒக்ரோபர் 13ஆம் திகதி ஜெஃப் பார்னபி மொன்றியலில் புற்றுநோயால் காலமானார். வயது 46. முழுநீளப் படம் இரண்டே இரண்டு. ஒன்றுக்கும் மற்றதுக்கும் நடுவே ஆறு வருடம். அவர் திறந்துவிட்ட வழியில் இன்று ஆட்கள் நடக்கிறார்கள்: டானிஸ் கூலேயின் 'நைட் ரெய்டர்ஸ்' பிள்ளைகளைப் பறித்துப்போகும் இராணுவ ஆட்சியை எதிர்காலக் கதையாகச் சொன்னது, நைலா இன்னுக்சுக்கின் 'ஸ்லாஷ்/பேக்' பாங்னிர்துங் என்ற ஆர்க்டிக் ஊரில் இனுயிட் சிறுமிகளை வேற்றுக்கிரகவாசிகளோடு மோதவிட்டது. அதையெல்லாம் அடுத்த வருடம் கேட்பேன். இப்போதைக்கு இவருடைய இரண்டும்.

நான் கேட்பது இவ்வளவுதான். யூன் மாதம் வேண்டாம். கனடாவில் பூர்வகுடி வரலாற்று மாதமான யூனில் எல்லோரும் பூர்வகுடிப் படம் போடுவார்கள், யூலையில் மறந்துவிடுவார்கள். ஒக்ரோபரில் போடுவோம், அவர் செத்த மாதம், தவிர ஹலோவீனுக்கு வீதியெல்லாம் எலும்புக்கூடு தொங்கும் நேரம், பிள்ளைகளே இழுத்துக்கொண்டு வருவார்கள். ஒரு சனிக்கிழமை பின்னேரம் 'ரைம்ஸ்', சாப்பாட்டுக்குப் பிறகு ஒன்பது மணிக்குப் 'பிளட் குவாண்டம்', வயதுக் கட்டுப்பாட்டோடு. சின்னப் பிள்ளைகள் உள்ளவர்கள் முதற்காட்சிக்கும் வரத் தேவையில்லை, அதையும் விளம்பரத்திலேயே எழுதுவோம். உரிமை வைத்திருப்பவர்களுக்குக் காசு கட்டிப் போடுவோம். யாரோ பென்டிரைவில் கொண்டுவந்தார் என்ற கதை இந்தப் படத்துக்கு வேண்டாம், தயவுசெய்து.

தொடக்கத்தில் ஒருவர் தாளைப் பார்த்து இந்த நிலத்துக்குரிய பூர்வகுடிகளின் பெயர்களை மிசிசாகா, அனிஷினாபே, ஹோடனோஷோனி, வெண்டாட் என்று அவசரமாக வாசித்துவிட்டு இறங்குவார். போன முறை அதில் இரண்டு பெயர் தடுக்கியது, சபையில் சிரிப்பும் கேட்டது. இந்த முறை அந்தப் பெயர்களைச் சரியாகச் சொல்லப் பழகிவிட்டு ஏறட்டும். படம் முடிந்த பிறகு பேசுவதற்குப் பூர்வகுடித் திரைக்கலைஞர் ஒருவரை அழைப்போம். பொன்னாடை மட்டும் போர்த்தி அனுப்பாமல், பேச்சாளருக்குரிய பணத்தையும் கொடுப்போம். மேடையில் நம் தலைவர் அரை மணித்தியாலம் பேசிவிட்டு அவருக்கு ஏழு நிமிடம் கொடுப்பது நடக்கக்கூடாது. இதைச் சொல்வதற்காக யாரும் என்னைக் கோபிக்க வேண்டாம், நடந்ததைத்தான் சொல்கிறேன்.

தமிழ் உபதலைப்பு என் பொறுப்பு. மூன்று மாதமாகச் சமையலறை மேசையில் இருந்து செய்துகொண்டிருக்கிறேன். மிக்மாக் மொழி வரும் இடங்களைச் சாய்வெழுத்தில் போட்டிருக்கிறேன், நம் சனம் அது ஆங்கிலம் இல்லை என்று காணட்டும். படத்தில் ஸொம்பியை 'ஸெட்' என்கிறார்கள். அதை அப்படியே விட்டுவிட்டேன், ஆங்கில 'Z' எழுத்தை அமெரிக்கர் மாதிரி 'ஸீ' என்று சொல்லாத கனடியர் நாம்.

ஒரு சொல் மட்டும் இன்னும் வசப்படவில்லை, படத்தின் பெயரேதான். 'இரத்த அளவு' என்று போட்டால் வைத்தியசாலை அறிக்கை மாதிரி இருக்கிறது. 'குருதிக் கணக்கு' நல்லாயிருக்கிறது, ஆனால் அதில் பழிவாங்கும் வாசம் கூடிவிடுகிறது. அம்மாவைக் கேட்டேன். "ஊரில கலியாணம் பேசேக்க கேப்பினமே, அதுதானே இது?" என்றா. அது எனக்கு எழுத விருப்பமில்லாத சொல், ஆனால் அவ பிடித்தது சரியான இடம். உங்களில் யாருக்காவது வேறு சொல் தோன்றினால் வருகிற கூட்டத்துக்கு முன் அனுப்பி வையுங்கள். இந்த முறை ரோல்ஸ் நான் கொண்டு வருகிறேன், பேசி முடித்த பிறகுதான் பெட்டியைத் திறப்பேன்.

அன்புடன்,
உங்கள் உபதலைப்புக்காரத் தங்கச்சி
ஸ்காபரோ